தண்ணீரில் விழுந்தவருக்கு எந்தக் கோடு: டபிள்யூ16-ஆ, டபிள்யூ67-ஆ, வி92-ஆ?

தண்ணீர் விபத்து சார்ட் (நோயாளியின் மருத்துவப் பதிவு) ஒன்று வந்ததும் பல கோடர்கள் (அதைப் படித்துக் கோடுகளை இடுபவர்கள்) முதலில் தேடுவது "மூழ்கினாரா, இல்லையா" என்பதைத்தான். அமெரிக்க மருத்துவமனைகளின் நோய், காயக் கோடுத் தொகுப்பான ஐசிடி-10-சிஎம்மின் வரிசை அப்படி இல்லை. ஆள் தண்ணீருக்குள் எப்படிப் போனார் என்பதுதான் அங்கே முதல் கேள்வி. விழுந்தாரா, குதித்தாரா, படகிலிருந்து போனாரா, ஏற்கெனவே தண்ணீருக்குள்தான் இருந்தாரா? எந்தத் தண்ணீர், எதில் மோதினார் என்பவை அதற்குப் பிறகு. மூழ்கினாரா என்பது தண்ணீரில் விழுதலுக்கான டபிள்யூ16-க்குள் பெரும்பாலும் ஆறாம் எழுத்தில்தான் முடிவாகிறது. இந்த வரிசையை மாற்றிப் படிக்கும்போதுதான் டபிள்யூ16 இட வேண்டிய சார்ட்டில் டபிள்யூ67 உட்கார்ந்துவிடுகிறது. சில சார்ட்டுகளில் இரண்டும் சேர்ந்தே வந்து எடிட்டில் (மென்பொருளின் சரிபார்ப்பில்) மாட்டுகின்றன.

விழுந்தவரா, தண்ணீருக்குள் இருந்தவரா

அதிகம் குழப்புவது இந்த இடம்தான், அதனால் இதையே முதலில் தீர்த்துக்கொள்வது நல்லது. டபிள்யூ16 என்பது தண்ணீரில் விழுதல், குதித்தல், டைவ் அடித்தல். டபிள்யூ65 முதல் டபிள்யூ74 வரை உள்ளவை விழாமலே மூழ்கியதைச் சொல்பவை: டபிள்யூ65 குளியல் தொட்டி, டபிள்யூ67 நீச்சல்குளம், டபிள்யூ69 இயற்கை நீர்நிலை, டபிள்யூ73 குறிப்பிட்ட வேறு காரணம், டபிள்யூ74 காரணம் தெரியாதது. இந்த இரண்டு குழுக்களும் ஒன்றையொன்று எக்ஸ்க்லூட்ஸ்1 குறிப்பால் விலக்குகின்றன. ஒரே நிகழ்வுக்கு இரண்டையும் சேர்த்து இட வழியே இல்லை.

நீந்திக்கொண்டிருந்தவருக்குத் தசைப்பிடிப்பு வந்து மூழ்கினால் டபிள்யூ67 அல்லது டபிள்யூ69. குளக்கரையில் நடந்தவர் சறுக்கி உள்ளே போய் மூழ்கினால் டபிள்யூ16.011ஏ (கடைசி ஏ சிகிச்சைக் கட்டத்தைச் சொல்லும் ஏழாம் எழுத்து). தொட்டியில் உட்கார்ந்து குளித்தவருக்கு வலிப்பு வந்து முகம் தண்ணீருக்குள் போனால் டபிள்யூ65. தொட்டிக்குள் இறங்கும்போது கால் வழுக்கி நிறைந்த தொட்டியில் விழுந்து மூழ்கினால் டபிள்யூ16.211ஏ. விளைவு இரண்டிலும் ஒன்றேதான், இறுதி டயக்னோசிஸும் ஒரே மாதிரி இருக்கலாம். அதனால் டிஸ்சார்ஜ் சம்மரியின் கடைசிப் பக்கத்தை மட்டும் பார்த்து இதைப் பிரிக்க முடியாது. எச்பி-யையும் (நோய் வரலாறு, பரிசோதனைக் குறிப்பு) இடி நோட்டையும் (அவசரப் பிரிவுக் குறிப்பு) திறந்துதான் ஆக வேண்டும்.

கடினமான சார்ட் எதுவென்றால், யாரும் பார்க்காத நிகழ்வு. இரண்டு வயதுக் குழந்தை வீட்டு நீச்சல்குளத்தின் அடியில் கிடந்தது, சிபிஆர் கொடுத்து மீட்டார்கள் என்று மட்டும் எழுதியிருக்கிறது. அந்த வயதுக் குழந்தை தானாக நீந்தப் போயிருக்காது, விழுந்துதான் இருக்கும் என்று யாருக்கும் தோன்றும். ஆனால் சார்ட்டில் இல்லாத விழுதலை கோடர் சேர்க்கக் கூடாது. "குளத்தில் விழுந்தது" என்று ஒரு வரி எங்காவது இருந்தால் டபிள்யூ16.011ஏ. இல்லையென்றால் க்வெரி (மருத்துவரிடம் விளக்கம் கேட்டு எழுதுவது), பதில் வராவிட்டால் டபிள்யூ67.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ. இதே சார்ட்டில் அடிக்கடி நடக்கும் இன்னொரு தவறு, "அடியில் கிடந்தது" என்பதைப் படித்துவிட்டு அடித்தளத்தில் மோதியதற்கான டபிள்யூ16.021ஏ-வைப் போடுவது. அடியில் கிடப்பது வேறு, விழும்போது அடியில் மோதுவது வேறு. இரண்டாவதற்கு மோதல் பதிவாகியிருக்க வேண்டும்.

டபிள்யூ16-க்குள்: நான்காம் எழுத்து

விழுதலுக்கு 0 முதல் 4, குதித்தலுக்கும் டைவுக்கும் 5 முதல் 9. விழுதலில் 0 நீச்சல்குளம். 1 ஏரி, ஆறு, ஓடை, கடல் போன்ற இயற்கை நீர்நிலை. 2 நிறைந்த குளியல் தொட்டி அல்லது வாளி. 3 நீரூற்றுத் தொட்டி, நீர்த்தேக்கம் போன்ற வேறு நீர். 4 எந்த நீர் என்று தெரியாதது. குதித்தலில் 5 நீச்சல்குளம், 6 இயற்கை நீர்நிலை, 7 படகிலிருந்து குதித்தல், 8 வேறு நீர், 9 தெரியாத நீர்.

விழுந்ததா, குதித்ததா என்ற வேறுபாட்டை எளிதாகக் கடந்து போய்விடக் கூடாது. காயத் தடுப்புப் பணியில் இருப்பவர்கள் இந்தக் கோடுகளை வைத்துத்தான், குளத்தைச் சுற்றி வேலி போடுவது தேவையா, ஆழம் குறைந்த பகுதியில் "டைவ் அடிக்காதீர்" என்ற எச்சரிக்கை தேவையா என்று பார்க்கிறார்கள். குழந்தை தவறி விழுந்ததை டபிள்யூ16.5-ல் போட்டால் அந்தக் கணக்கே தவறான பக்கம் சாயும். நண்பர்கள் விளையாட்டாகத் தள்ளிவிட்டார்கள் என்றால் அது விழுதல்தான். கூடவே விளையாட்டுத் தள்ளுமுள்ளுக்கான ஒய்93.83 சேரும். தீங்கு செய்யும் நோக்கத்தோடு தள்ளி மூழ்கடித்தார்கள் என்று மருத்துவர் பதிவு செய்திருந்தால் டபிள்யூ16-ஐ விட்டு எக்ஸ்92-க்குப் போக வேண்டும். நீச்சல்குளத்தில் தள்ளியது அங்கே எக்ஸ்92.2.

ஐந்தாம், ஆறாம் எழுத்துகள்

நீச்சல்குளத்துக்கும் மற்ற நீருக்கும் ஐந்தாம் எழுத்து 1 நீர்ப்பரப்பு, 2 அடித்தளம், 3 சுவர். இயற்கை நீர்நிலையில் விழும்போது 3 என்பது கரைப்பக்கம். ஆறாம் எழுத்து 1 என்றால் மூழ்கல், 2 என்றால் வேறு காயம். எனவே குளத்தில் விழுந்து சுவரில் தலை மோதிக் கிழிந்தவருக்கு டபிள்யூ16.032ஏ, ஆற்றில் விழுந்து மூழ்கியவருக்கு டபிள்யூ16.111ஏ.

இந்த ஒழுங்கு எல்லா இடத்திலும் அப்படியே ஓடாது என்பதை மனதில் வைக்க வேண்டும். டபிள்யூ16.2-ல் ஐந்தாம் எழுத்து மோதலைச் சொல்வதில்லை. 1 தொட்டி, 2 வாளி. வாளித் தண்ணீரில் தலைகீழாக விழுந்து மூழ்கிய குழந்தைக்கு டபிள்யூ16.221ஏ. இயற்கை நீர்நிலையில் குதித்தல், படகிலிருந்து குதித்தல் இரண்டிலும் பக்கச் சுவருக்கான 3 கிடையாது. பரப்பு, அடித்தளம் இரண்டு மட்டுமே. டபிள்யூ16.4-லும் டபிள்யூ16.9-லும் மோதல் விவரம் இல்லாததால் மூழ்கல்-காயம் பிரிவு ஐந்தாம் எழுத்துக்கே வந்துவிடுகிறது, ஆறாம் இடத்தை எக்ஸ் நிரப்புகிறது. டபிள்யூ16.42எக்ஸ்ஏ என்பதே சரி. எக்ஸை விட்டுவிட்டு டபிள்யூ16.42ஏ என்று அடித்தால் அது செல்லாத கோடு.

எதில் மோதினார் என்று சார்ட்டில் இல்லை, நீச்சல்குளம் என்பது மட்டும் தெரிகிறது. அப்போது டபிள்யூ16.4-க்கு ஓடுகிறவர்கள் உண்டு. அது வேண்டாம். டபிள்யூ16.4 எந்த நீர் என்றே தெரியாதபோது மட்டும்தான். நீச்சல்குளத்தில் விழுதல் என்று வெளிக்காரண (காயம் எப்படி நேர்ந்தது என்பதற்கான) இன்டெக்ஸில் தேடினால், மோதல் சொல்லப்படாதபோது நீர்ப்பரப்புக் கோடுதான், அதாவது டபிள்யூ16.012 அல்லது டபிள்யூ16.011, கிடைக்கிறது. வெளிக்காரணங்களுக்கு நோய் இன்டெக்ஸிலிருந்து தனியாக ஒரு இன்டெக்ஸ் இருக்கிறது. அதைத் திறக்காமல் நேராக டேபுலரில் (கோடுகளின் வரிசைப் பட்டியலில்) கண்ணை ஓட்டுவதுதான் இந்த இடத்தில் தடுமாற வைக்கிறது.

எலும்பும் முறிந்தது, மூழ்கவும் செய்தார் என்றால் ஆறாம் எழுத்து 1-ஆ, 2-ஆ? பிரின்சிபல் டயக்னோசிஸ் (சேர்க்கைக்கு முதன்மைக் காரணமான நிலை) எதுவோ அதோடு நெருக்கமானதை முதலில் வையுங்கள். ஒரே ஒரு வெளிக்காரணக் கோடுக்குத்தான் இடம் என்றால் பிரின்சிபல் டயக்னோசிஸோடு அதிகம் தொடர்புள்ளதைத் தேர்ந்தெடுக்கச் சொல்வது வழிகாட்டி விதியே. கழுத்து முறிவு முதன்மை, சற்று நேரம் தண்ணீருக்குள் இருந்தார், நுரையீரலில் பாதிப்பு இல்லை என்றால் 2. சுவாசச் செயலிழப்புக்காக ஐசியு-வில் சேர்த்தார்கள், நெற்றியில் சிறு கீறலும் உண்டு என்றால் 1.

குளம் சார்ந்த மற்ற கோடுகள்

வெற்று நீச்சல்குளத்தில் விழுந்தால் டபிள்யூ17.3எக்ஸ்எக்ஸ்ஏ, தண்ணீரே இல்லாததால் டபிள்யூ16 பொருந்தாது. வெற்றுத் தொட்டியில் அல்லது ஷவரில் விழுந்தால் டபிள்யூ18.2எக்ஸ்எக்ஸ்ஏ. "பாத் டப்பில் விழுந்தார்" என்று மட்டும் எழுதியிருக்கும் சார்ட்டுகளில் தண்ணீர் இருந்ததா என்பதைத் தேடிப் பார்க்காமல் டபிள்யூ16.212ஏ போடுவது ஆடிட்டில் சிக்கும்.

நீந்தும்போது சுவரில் மோதியவர் விழவும் இல்லை, குதிக்கவும் இல்லை. அவருக்கு டபிள்யூ22.042ஏ, மோதி மூழ்கியிருந்தால் டபிள்யூ22.041ஏ. டைவிங் பலகையில் மோதினால் டபிள்யூ21.4எக்ஸ்எக்ஸ்ஏ. இங்கே ஒரு சிக்கல் உண்டு. டபிள்யூ16-இன் எக்ஸ்க்லூட்ஸ்1 பட்டியலில் டைவிங் பலகை இருக்கிறது, டபிள்யூ21.4-க்குக் கீழேயோ, அதன்பின் தண்ணீரில் விழுந்திருந்தால் டபிள்யூ16-ஐக் கூடுதலாக இடச் சொல்லும் குறிப்பு இருக்கிறது. இரண்டையும் சேர்த்துப் படித்தால் வழி தெளிவாகிறது: பலகையில் மோதியது மட்டுமே காயத்துக்குக் காரணம் என்றால் டபிள்யூ21.4 தனியாக, அதன்பின் தண்ணீரில் விழுந்து வேறு பாதிப்பும் வந்திருந்தால் டபிள்யூ21.4 முதலில், டபிள்யூ16 அடுத்து. என்கோடர் (கோடிடும் மென்பொருள்) எச்சரிக்கை காட்டினால் அந்தக் குறிப்பைச் சுட்டிக்காட்டி நோட் எழுதி வைப்பது நல்லது.

கிணறு தனி வழி. இன்டெக்ஸ் டபிள்யூ17.0எக்ஸ்எக்ஸ்ஏ-வுக்குக் கொண்டுபோகிறது. காயம் மட்டும் என்றால் அது போதும். கிணற்றுத் தண்ணீரில் மூழ்கியும் இருந்தால் டபிள்யூ17.0 மூழ்கலைப் பற்றி எதுவும் சொல்லாது; அங்கே டபிள்யூ16.3 வரிசை பொருத்தமாகப் படுகிறது. ஆனால் இது தனி கோடர் ஒருவராக எடுக்கக் கூடிய முடிவில்லை. குழுவில் ஒரு கொள்கையை எழுதி வைத்து எல்லோரும் அதையே பின்பற்றுங்கள்.

படகு வந்துவிட்டால்

படகிலிருந்து விழுந்த நிகழ்வை டபிள்யூ16 ஏற்றுக்கொள்வதே இல்லை. எக்ஸ்க்லூட்ஸ்1 நேராகப் படகு விபத்துகளுக்கான வி90 முதல் வி94 வரைக்கு அனுப்புகிறது. குதித்தால் மட்டும் டபிள்யூ16.7. இந்த ஒரு வேறுபாட்டை விட்டுவிட்டுத்தான் பலர் "படகிலிருந்து ஆற்றில் விழுந்தார்" என்பதற்கு டபிள்யூ16.112ஏ போடுகிறார்கள்.

வி குழுவுக்குள் முதலில் கேட்க வேண்டியது, படகுக்கே விபத்து நேர்ந்ததா என்பது. படகு கவிழ்ந்து அல்லது மூழ்கி ஆள் மூழ்கினால் வி90. படகு நன்றாகத்தான் இருந்தது, ஆள் மட்டும் தவறி விழுந்து மூழ்கினார் என்றால் வி92.0, படகின் அசைவு தூக்கி எறிந்ததால் என்றால் வி92.1, அலை அடித்துக்கொண்டு போனால் வி92.2. மூழ்கவில்லை, விழுந்தபோது அடியிலோ ஒரு பொருளிலோ மோதினார் என்றால் வி94.0எக்ஸ்எக்ஸ்ஏ. தண்ணீருக்குப் போகவே இல்லை, படகின் தளத்திலேயே விழுந்தார் என்றால் வி93.3. வி92-ல் ஐந்தாம் எழுத்து படகின் வகை: மீன்பிடிப் படகு 2, மற்ற இயந்திரப் படகு 3, பாய்மரப் படகு 4, கேனோ அல்லது கயாக் 5. கயாக்கிலிருந்து விழுந்து மூழ்கியவருக்கு வி92.05எக்ஸ்ஏ.

போக்குவரத்து விபத்துக் கோடுகளுக்கு வரிசையில் முன்னுரிமை உண்டு. குழந்தைகள் அல்லது பெரியவர்கள் மீதான கொடுமை (அப்யூஸ்), பயங்கரவாதம், பேரிடர் ஆகியவற்றுக்கு மட்டுமே அவை வழிவிடும். புயல் வெள்ளத்தில் விழுந்தவருக்கு வெள்ளத்துக்கான எக்ஸ்38 முன்னால் வருவது இதனால்தான்.

நோக்கம் தெரியாதபோது

பாலத்திலிருந்து ஆற்றுக்குள் போனார் என்று மட்டும் இருந்தால் கை தானாகவே ஒய்21-க்குப் போகும். போக வேண்டாம். நோக்கம் எழுதப்படாமல் இருந்தால் விபத்து என்று எடுத்துக்கொள்ளச் சொல்கிறது வழிகாட்டி. நோக்கத்தைத் தீர்மானிக்க முடியவில்லை என்று மருத்துவரே எழுதியிருந்தால் மட்டும்தான் ஒய்21. தானே செய்துகொண்டது என்று பதிவு இருந்தால் எக்ஸ்71. "தெரியவில்லை", "தீர்மானிக்க முடியவில்லை" இரண்டும் இங்கே ஒன்றல்ல.

காயத்தின் பக்கம்: டி75.1-ஆ, குறிப்பிட்ட விளைவுகளா

வெளிக்காரணக் கோடு ஒருபோதும் முதலாவதாக வராது. முதலில் வர வேண்டியது காயம் அல்லது நோய். டி75.1 என்பது மூழ்கலின் குறிப்பிடப்படாத விளைவுகளுக்கு உரியது. குறிப்பிட்ட விளைவு பதிவாகியிருந்தால் அதையே இடச் சொல்கிறது அதன் எக்ஸ்க்லூட்ஸ்1. தண்ணீரிலிருந்து தூக்கினார்கள், இருமினார், எக்ஸ்ரே சாதாரணம், சில மணி நேரம் கண்காணித்து அனுப்பினார்கள்: டி75.1எக்ஸ்எக்ஸ்ஏ. ஆக்சிஜன் குறைந்த அக்யூட் சுவாசச் செயலிழப்பு, மூளைக்கு ஆக்சிஜன் கிடைக்காத சேதம் என்று மருத்துவர் எழுதியிருந்தால் ஜே96.01, ஜி93.1. அங்கே டி75.1 தேவையில்லை; மூழ்கல் என்ற செய்தியை டபிள்யூ16-இன் ஆறாம் எழுத்து சுமக்கிறது. இதனால்தான் ஆறாம் எழுத்தைத் தவறவிடுவது பெரிய இழப்பு. டி75.1 இல்லாத சார்ட்டில் 1-க்குப் பதில் 2 போட்டால் அந்த நோயாளி மூழ்கினார் என்ற தகவல் பதிவிலிருந்தே மறைந்துவிடும்.

உடல் வெப்பக் குறைவு இருந்தால் டி68.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ, குளிரின் மூலத்தைக் கூடுதலாக இடச் சொல்கிறது அதன் குறிப்பு. இயற்கைக் குளிர் என்றால் எக்ஸ்31.

மோதல் காயத்துக்கு ஒரு சார்ட்டை முழுதாக எடுத்துக்கொள்வோம். தனி வீட்டு நீச்சல்குளத்தின் ஆழம் குறைந்த பகுதியில் தலைகீழாக டைவ் அடித்த இளைஞர், தலை தரையில் மோதியது, உடனே தூக்கிவிட்டார்கள், மூழ்கவில்லை. ஐந்தாவது கழுத்து முள்ளெலும்பில் விலகிய முறிவு, அதே மட்டத்தில் சென்ட்ரல் கார்ட் சின்ட்ரோம் (தண்டுவடத்தின் நடுப்பகுதிக் காயம்). எஸ்12-க்குக் கீழுள்ள குறிப்பு தண்டுவடக் காயத்தை முதலில் இடச் சொல்கிறது. ஆகவே எஸ்14.125ஏ, அடுத்து எஸ்12.400ஏ, அதன்பின் டபிள்யூ16.522ஏ, இடத்துக்கு ஒய்92.016. முறிவை முதலில் வைத்துவிடுவதுதான் இங்கே வழக்கமான பிழை.

ஏழாம் எழுத்து

டபிள்யூ16-க்கு ஏ (சிகிச்சைக் கட்டம்), டி (அதன் பிந்தைய வருகை), எஸ் (பின்விளைவு) மூன்றே. காயக் கோடின் ஏழாம் எழுத்தோடு இது பொதுவாக ஒத்துப்போக வேண்டும். ஆனால் முறிவுக் கோடுகளில் திறந்த முறிவுக்கு பி, ஆறுவதில் தாமதத்துக்கு ஜி, சேராமல் போனதற்கு கே என்றெல்லாம் வரும். அதை அப்படியே நகலெடுத்து டபிள்யூ16.522ஜி என்று போட்டால் செல்லாது. முறிவில் பி என்றால் டபிள்யூ16-ல் ஏ. முறிவில் ஜி என்றால் டபிள்யூ16-ல் டி. ஏ என்பது முதல் வருகை என்று பொருளல்ல. காயத்துக்கான நேரடிச் சிகிச்சை (ஆக்டிவ் ட்ரீட்மென்ட்) நடக்கும் வரை ஏ தான்.

சில ஆண்டுகளுக்குப் பின் மூளைச் சேதத்தின் விளைவுக்காக வருபவருக்கு, இப்போதுள்ள நிலை முதலில், டி75.1எக்ஸ்எக்ஸ்எஸ், டபிள்யூ16.011எஸ். பின்விளைவுக் கோடை அதே நிகழ்வின் தற்போதைய காயக் கோடோடு சேர்த்துப் போடக் கூடாது.

ஒய்92 (இடம்), ஒய்93 (செயல்), ஒய்99 (வேலையிலா, ஓய்விலா என்ற நிலை) மூன்றுக்கும் ஏழாம் எழுத்து இல்லை. சிகிச்சையின் தொடக்க வருகையில் ஒரு முறை மட்டும். இடமோ செயலோ சார்ட்டில் இல்லையென்றால் ஒய்92.9, ஒய்93.9 போட்டு நிரப்பாமல் விட்டுவிடுவதே விதி.

உலக சுகாதார நிறுவனப் பதிப்பைப் படித்தவர்களுக்கு

அந்த நிறுவனத்தின் ஐசிடி-10-ல் அமைப்பே வேறு. அங்கே டபிள்யூ16 குதித்தலாலும் டைவாலும் மூழ்கல் அல்லாத காயம் ஏற்பட்டதற்கு மட்டும். தண்ணீரில் விழுந்து மூழ்கினால் டபிள்யூ66 தொட்டி, டபிள்யூ68 நீச்சல்குளம், டபிள்யூ70 இயற்கை நீர்நிலை. இந்த மூன்றும் அமெரிக்காவின் ஐசிடி-10-சிஎம்மில் இல்லவே இல்லை. உலக சுகாதார நிறுவனப் பதிப்பில் நான்காம் எழுத்து இடத்தைக் குறிக்கும், வீடு என்றால் 0. இங்கே இடம் ஒய்92-ல் தனியாக வருகிறது. இறப்புச் சான்றிதழ்ப் பயிற்சி நோட்டுகளை வைத்து அமெரிக்க மருத்துவமனை சார்ட்டில் டபிள்யூ70.8 போட்டால் மென்பொருள் உடனே நிராகரிக்கும். ஐசிடி-11 விழுந்து மூழ்கியதற்கு பிஏ91, விழுந்து வேறு காயம் அடைந்ததற்கு பிஏ93 என்று பிரிக்கிறது. அமெரிக்க பில்லிங்குக்கு இன்னும் ஐசிடி-10-சிஎம்தான்.

க்வெரி எழுதும்போது

வெளிக்காரணக் கோடுகளைக் கட்டாயமாக்கும் தேசிய விதி அமெரிக்காவில் இல்லை. மாநில ஆணையோ பணம் செலுத்தும் நிறுவனமோ கேட்டால் கட்டாயம். இதனால் ஒவ்வொரு சிறு விவரத்துக்கும் மருத்துவரைத் தொந்தரவு செய்யத் தேவையில்லை. விழுந்தாரா, இல்லையா என்பதும், நோக்கம் பற்றி முரண்பட்ட பதிவுகளும், மூழ்கல் நடந்ததா என்பதும் கேட்கத் தகுந்தவை. சுவரா, அடித்தளமா என்பதற்காக மட்டும் க்வெரி அனுப்புவது மிகை. இன்டெக்ஸின் இயல்பான வழியே போதும். டிரையாஜ் நர்ஸ் குறிப்பிலும் இஎம்எஸ் (ஆம்புலன்ஸ் குழு) தாளிலும் இந்த விவரம் பெரும்பாலும் இருக்கும். அவற்றை எவ்வளவு தூரம் எடுத்துக்கொள்ளலாம் என்பதற்கு மருத்துவமனையின் உள்கொள்கையைப் பாருங்கள்.

க்வெரி பதிலைத் திணிப்பதாக இருக்கக் கூடாது. "குழந்தை குளத்தில் விழுந்தது என்று உறுதிப்படுத்தவும்" என்று எழுதினால் ஆடிட்டில் நிற்காது. சார்ட்டிலுள்ள வரியை அப்படியே மேற்கோள் காட்டி, "குழந்தை தண்ணீருக்குள் சென்ற விதம்: விழுந்தது, குதித்தது, ஏற்கெனவே தண்ணீருக்குள் இருந்தது, வேறு, தீர்மானிக்க இயலவில்லை" என்று தெரிவுகளைக் கொடுத்துக் கேளுங்கள்.